மூன்றாம் மூலையிலிருந்து வீட்டுக்கு

அறுபதுகளின் தொடக்கத்தில் திண்டிவனத்தில் ஒன்பது பேர் பேஸ்பால் ஆடினார்கள். எட்டு பேர் ஒரே பள்ளியின் ஆசிரியர்கள். ஒன்பதாவது ஆள் பள்ளியின் பியூன். அணித்தலைவர் என் கணவர், அந்தப் பள்ளியின் டிரில் மாஸ்டர். மற்றவர்கள் அவர் கேட்டதற்காகச் சேர்ந்தார்கள். தமிழாசிரியரிடம் ஆட்டம் முக்கால் மணி நேரத்தில் முடிந்துவிடும் என்று சொல்லியிருந்தார். அது உண்மையல்ல.

அந்த விளையாட்டை ஊருக்குக் கொண்டுவந்தவர் ஓர் அமெரிக்க இளைஞர். கோழி வளர்ப்பு சொல்லிக்கொடுக்க வந்தவர். கிளியனூர்ப் பக்கம் நான்கு பேருக்குக் கூண்டு கட்டிக் கொடுத்தார். கோழிகள் கழிச்சல் நோயில் செத்தன. மாலையில் அவருக்குப் பொழுது போகவில்லை. பள்ளி மைதானத்துக்கு வந்து என் கணவருக்கு பேஸ்பால் சொல்லிக்கொடுத்தார். சில மாதங்களில் அவர் அமெரிக்காவுக்குத் திரும்பியபோது இங்கே மிஞ்சியது ஒரு விதிப்புத்தகமும் மூன்று பந்துகளும் இரண்டு தோல் கையுறைகளும்தான். மட்டையைக் கையோடு எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மட்டைக்கு என் கணவர் கட்டில் கால் கடையும் ஆசாரியிடம் போனார். படம் வரைந்து காட்டினார். ஆசாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “இன்னா சார், ஒரு வேலப்பாடும் இல்லாம மொட்டையா இருக்குது. நம்ம பட்டறையிலிருந்து இப்பிடி அனுப்ப முடியாது” என்றார். நடுவில் மூன்று வளையமும் நுனியில் ஒரு குமிழும் வைத்துக் கடைந்து, அரக்குப் பூசிக் கொடுத்தார். பந்து வளையத்தில் பட்டால் எந்தப் பக்கம் போகும் என்று அடித்தவருக்கே தெரியாது. நல்ல ஆட்டக்காரர்களுக்கு அது இடைஞ்சலாக இருந்திருக்கும். எங்கள் அணிக்கு அனுகூலமாக இருந்தது.

ஆட்டத்தைப் பற்றி இவ்வளவு தெரிந்தால் போதும். பந்தை அடித்தவர் மைதானத்தின் மூன்று மூலைகளையும் வரிசையாகத் தொட்டுவிட்டு, புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வரவேண்டும். வந்தால் ஒரு ரன். புறப்பட்ட இடத்துக்கு ‘ஹோம்’ என்று பெயர்; அங்கே ஒரு பலகை பதித்திருக்கும். வருவதற்குள் எதிரணியின் பிடிப்பவர் பந்தை வாங்கி அவரைத் தொட்டுவிட்டால் அவுட். மூலைகளுக்கு அடையாளமாக மல்லாட்டைத் தோல், அதாவது வேர்க்கடலைத் தோல், அடைத்த கோணிகள். ஒரு பயிற்சியின்போது இரண்டாம் மூலையை ஆடு ஒன்று கவ்வி இழுத்துக்கொண்டு போய்விட்டது. அந்த நேரம் ஓடிக்கொண்டிருந்த தமிழாசிரியர் மூலையைத் தேடி வேலி வரைக்கும் போனார். அவுட் இல்லை என்று தீர்ப்பானது.

என் கணவரின் வேலை தற்காலிகமானது. முன்பு இருந்த டிரில் மாஸ்டர் உடம்பு சரியில்லாமல் நின்றுவிட, அந்த இடத்தில் ஒரு வருடத்துக்கு இவரை வைத்திருந்தார்கள். வருடக் கடைசியில் பள்ளிக் கமிட்டி கூடி முடிவு செய்யும். நிலைக்காவிட்டால் கண்டாச்சிபுரத்தில் அவருடைய அண்ணனின் மல்லாட்டை மண்டிக்குத்தான் போகவேண்டும். எடை போடுகிற இடத்தில் ஆள் வேண்டும் என்று அண்ணன் இரண்டு தபால் கார்டு போட்டிருந்தார். அந்த வீட்டில் ஏற்கெனவே பதினொரு பேர். நான் பன்னிரண்டாவதாகப் போக விரும்பவில்லை. அவர் தராசைத் தொட விரும்பவில்லை.

பள்ளித் தாளாளர் அவரைக் கூப்பிட்டுச் சொன்னார்: “சார், நீங்க ஒலக்கைய வச்சிக்கினு இன்னாமோ ஆடறீங்கன்னு ஊரே பேசுது. பேஸ்பாலா பேஜாரு பாலான்னு எங்கிட்டயே கேக்கறான். வெளியூர் டீம் ஒண்ண கூப்பிடுங்க. கமிட்டிக்கு முன்னால ஆடி ஜெயிச்சுக் காட்டுங்க. வேலைய நிரந்தரம் பண்ணிடலாம். இல்லேன்னா வேற ஆளப் பாப்போம்.”

வெளியூர் டீம் எதுவும் இல்லை. சென்னைக்குத் தெற்கே வேறு யாராவது பேஸ்பால் ஆடினார்களா என்று என் கணவர் விசாரித்துப் பார்த்தார். ஆடவில்லை. எனவே எதிரணியை அவரே உண்டாக்கினார். ஞாயிற்றுக்கிழமைகளில் ரயிலேறி விழுப்புரம் போய், அங்கே ரயில்வேயில் வேலை செய்தவர்களில் ஒன்பது பேரைப் பிடித்து ஆட்டம் சொல்லிக்கொடுத்தார்.

என் பிறந்த வீடு விழுப்புரத்தில். என் தந்தை ஒரு சென்னை நாளிதழுக்குப் பகுதிநேர நிருபர். அவர் அனுப்பும் செய்திகளைத் திருமணத்துக்கு முன்பு நான்தான் படியெடுப்பேன். பின்னால் நானே பல வருடங்கள் ஒரு நாளிதழில் நிருபர் வேலையைச் செய்தேன். யார், எங்கே, எத்தனை பேர், முடிவு என்ன என்று கேட்காமல் அவர் எதையும் விடமாட்டார். மருமகனிடமும் கேட்டார்.

“மாப்பிள்ளை, அந்த டீமுக்கு வாத்தியார் யாரு?”

“நான்தான் மாமா.”

“ஜெயிக்கவேண்டியது?”

“நாங்கதான்.”

“அவங்க நல்லா ஆடறாங்களா?”

“எங்கள விட நல்லாவே ஆடறாங்க மாமா.”

தந்தை குறிப்பேட்டில் ஏதோ எழுதி, உடனே அடித்தார்.

விழுப்புரத்துக்காரர்கள் வேகமாகக் கற்றுக்கொண்டதற்குக் காரணம் இருந்தது. நிற்பதும் புறப்படுவதும் அவர்கள் தொழில். அணித்தலைவர் ஒரு கூட்ஸ் வண்டி கார்டு. மூலையில் நிற்பவருக்குப் பச்சைக்கொடி காட்டினால் ஓடுவார், சிவப்பு காட்டினால் நிற்பார். விதிப்புத்தகத்தில் கொடி கூடாது என்று எழுதவில்லை. என் கணவர் இரண்டு முறை தேடிப் பார்த்தார்.

மேட்ச்சுக்கு இரண்டு வாரம் இருக்கும்போது அவர் என்னிடம் வந்தார். ஏதோ கேட்கப்போகிறார் என்று தெரிந்தது. சட்டைப்பையில் பேனாவைச் சரிசெய்துகொண்டார்.

“அந்த அமெரிக்காக்காரரு ஒண்ணு சொன்னாரு. அவங்க ஊர்ல ஆடறவங்க சம்சாரமெல்லாம் கிரவுண்டுக்கு வந்து ஒக்காந்துக்கினு கத்துவாங்களாம். அது ஆடறவனுக்குத் தெம்பாம்.”

“இன்னான்னு கத்துவாங்க?”

“பேரைச் சொல்லி.”

“யாரு பேரை?”

அவர் பேனாவை மறுபடி சரிசெய்தார். “அது நமக்கு ஆவாதுங்க” என்றேன்.

திருமணமாகி நான்கு வருடத்தில் அவர் பெயரை நான் ஒரு முறையும் சொன்னதில்லை. ரேஷன் கார்டுக்கு ஆள் வந்து குடும்பத்தலைவர் பெயர் கேட்டபோது காகிதத்தில் எழுதிக் காட்டினேன். எழுதலாம், சொல்லக் கூடாது. எந்தப் புத்தகத்திலும் இல்லாத இந்த விதியை எங்கள் தெருவில் யாரும் மீறியதில்லை.

பெயரில்லாமல் முயன்று பார்ப்போம் என்று சனிக்கிழமைப் பயிற்சிக்குப் போனேன். அவர் மட்டையோடு நின்றதும், பெண்கள் கணவனைக் கூப்பிடுவது போல, “ஏங்க” என்று உரக்கக் கூப்பிட்டேன். மைதானத்தில் இருந்த ஒன்பது பேரும் திரும்பிப் பார்த்தார்கள். பியூனுக்குத் திருமணமே ஆகவில்லை, அவரும் பார்த்தார். சாலையில் சைக்கிளில் போன ஒருவர் இறங்கி நின்றார். பந்து தமிழாசிரியரின் தோளில் பட்டது.

“அம்மா, பொதுப்பெயர் வச்சுக் கூப்பிட்டா எல்லாரும்தானே திரும்புவோம்” என்றார் தமிழாசிரியர், தோளைத் தடவிக்கொண்டே.

அன்று சாயங்காலம் என் கணவர் விதிப்புத்தகத்தோடு உட்கார்ந்து ஒரு வழி கண்டுபிடித்தார். அமெரிக்காவில் மூன்றாம் மூலையில் நிற்பவனைப் பார்த்து, ‘ஹோமுக்கு வா’ என்றும் கத்துவார்களாம்.

“ஹோம்னா வீடுதானே. ‘வீட்டுக்கு வாங்க’ன்னு சொல்லு. அதுல பேரும் இல்லை, ஏங்கவும் இல்லை. நீ தினம் சொல்றதுதான்.”

எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. அடுப்படியில் நான்கு முறை சொல்லிப் பார்த்தேன். “வீட்டுக்கு வாங்க” என்று சொன்னால் மட்டும் அவசரம் தெரியாது, “சீக்கிரம்” சேர்த்துக்கொள் என்றார். சேர்த்துக்கொண்டேன்.

மேட்ச் அன்று பக்கத்து வீட்டு அம்மாவைத் துணைக்கு அழைத்துக்கொண்டு போனேன். அவர்கள் செஞ்சிப் பக்கத்து ஜைனக் குடும்பம். பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிடவேண்டும் என்பதால் ஆட்டம் எப்போது முடியும் என்று வழியில் மூன்று முறை கேட்டார். மைதானத்தில் பெண்கள் நாங்கள் இருவர் மட்டும். பள்ளிப் பையன்கள் எல்லாரும் வரவேண்டும் என்று உத்தரவு. கமிட்டிக்காரர்களுக்கு வேப்பமரத்தடியில் நாற்காலி. நடுவில் தாளாளர். நடுவராக இரண்டு அணியிலும் சேராத கணக்கு ஆசிரியர், கையில் விதிப்புத்தகம்.

விழுப்புரத்துக்காரர்கள் முதலில் அடித்தார்கள். பச்சைக்கொடியும் சிவப்புக்கொடியும் மாறி மாறி ஆடின. பின்பு நம்மவர்கள் அடித்தார்கள். கட்டில் கால் வளையத்தில் பட்ட பந்துகள் யாரும் எதிர்பாராத பக்கங்களில் போயின. ஒன்று கமிட்டியின் சோடா பாட்டில்களுக்கு நடுவே போய் நின்றது. கமிட்டி கை தட்டியது. எதற்கென்று அவர்களுக்குத் தெரிந்திருக்காது. எனக்கும் பாதிதான் தெரிந்தது.

கடைசிச் சுற்றில் இரு பக்கமும் பதினொன்று. அடிப்பது நம்மவர்கள். என் கணவர் மூன்றாம் மூலையில் நின்றார். அவர் ஹோமுக்கு வந்துவிட்டால் ஜெயம், வேலை நிரந்தரம். பியூன் மட்டையை ஓங்கி அடித்தார். பந்து நாலு தப்படி உருண்டு, வீசியவரின் காலடியிலேயே போய் நின்றது. வீசியவர் குனிந்து எடுத்தார்.

நான் எழுந்து நின்று, இரண்டு கையையும் வாயருகே குவித்து, “வீட்டுக்கு வாங்க, சீக்கிரம் வீட்டுக்கு வாங்க” என்று கத்தினேன். நான் பயிற்சி செய்ததைவிட நன்றாகவே வந்தது.

பக்கத்து வீட்டு அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். “அய்யோ, யாருக்கும்மா? உங்க மாமியாருக்கா?” என்று அழத் தொடங்கினார்.

ஒரு வீட்டுப் பெண் நாலு பேர் நடுவில் எழுந்து நின்று கணவனை வீட்டுக்கு வரச்சொல்லிக் கத்துவதற்கு எங்கள் பக்கத்தில் ஒரே ஒரு காரணம்தான் உண்டு. அது எனக்கும் தெரியும், என் கணவருக்கும் தெரியும். அமெரிக்காவிலிருந்து வந்த ஒரு சொல்லுக்குள் அது இருக்கும் என்று இருவருக்கும் தோன்றவில்லை. அழுகைச் சத்தம் கேட்டுத் தாளாளர் எழுந்தார். ஊரில் எந்த இரங்கல் கூட்டமானாலும் தலைமை அவர்தான். தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

“எல்லாரும் அப்பிடியே நில்லுங்க. நம்ம டிரில் மாஸ்டர் வீட்ல துக்கம். ரெண்டு நிமிஷம் மௌனம்” என்று சொல்லிவிட்டுக் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

மைதானம் நின்றுபோனது. பையன்கள் எழுந்து கையைக் கட்டினார்கள். பந்தைக் கையில் வைத்திருந்த விழுப்புரத்துக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். ஹோமுக்குப் பக்கத்தில் நின்ற கார்டு தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டார். எல்லாரும் நிற்பதைப் பார்த்து நானும் நின்றேன். யாரோ இறந்துவிட்டார் என்றுதான் நானும் நினைத்தேன். யார் என்று கேட்க வாய் வந்தது, மௌனத்தில் எப்படிக் கேட்பது என்று இருந்துவிட்டேன்.

என் கணவர் ஒருவர்தான் நிற்கவில்லை. பந்தைப் பார்க்கும்போது அவருக்குக் காது கேட்காது. நான் கத்தியது மட்டும் கேட்டதாகப் பின்னால் சொன்னார். அவர் கண்ணுக்குத் தெரிந்தது, பந்தைக் கையில் வைத்துக்கொண்டு அசையாமல் நிற்கும் ஒரு எதிராளி. தான் சொல்லிக்கொடுக்காத ஒரு புதுத் தந்திரம் என்று முடிவு செய்தார். ஹோமை நோக்கி ஆறு தப்படி ஓடினார். பந்து வரவில்லை. சந்தேகப்பட்டு மூன்றாம் மூலைக்குத் திரும்பி ஓடினார். அப்போதும் வரவில்லை. மறுபடி பாதி தூரம் வந்தார். நின்றார். கையை ஆட்டிக் காட்டினார். திரும்பினார். தலை குனிந்து நின்ற கூட்டத்துக்கு நடுவில் ஒரு மனிதர் முன்னும் பின்னுமாக ஓடிக்கொண்டிருந்தார். அவர் காலடிச் சத்தம் மட்டும் கேட்டது.

“துக்கம் தாங்கல பாவம்” என்று பின்னால் யாரோ மெல்லச் சொன்னார்கள். வேறு யாரோ, “உஸ்” என்றார்கள்.

ஏழாவது முறையோ எட்டாவது முறையோ, அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டு நேரே ஓடி வந்து, கார்டின் முழங்கையை உரசிக்கொண்டு, ஹோம் பலகையின்மேல் இரண்டு காலாலும் குதித்தார். கைகளை மேலே தூக்கிச் சிரித்தார்.

தாளாளர் கடிகாரத்திலிருந்து கண்ணை எடுத்தார். இரண்டு ஆசிரியர்கள் ஓடிப்போய் என் கணவரை இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டார்கள். ஒருவர் சோடா உடைத்தார்.

“ரன்னு சார், ரன்னு” என்றார் என் கணவர்.

“இருக்கட்டும் சார். எல்லாருக்கும் ஒருநாள் வர்றதுதான். மனச விட்றாதீங்க” என்று கார்டு அவர் முதுகைத் தட்டிக்கொடுத்தார்.

தாளாளர் என்னிடம் நேரே வந்தார். “அம்மா, வண்டி சொல்லட்டுமா? யாருக்கு இன்னா ஆச்சு?”

“எனக்குத் தெரியலைங்க. நீங்கதான் துக்கம்னு சொன்னீங்க.”

“நீங்கதானே வீட்டுக்கு வரச்சொல்லிக் கூப்பிட்டீங்க?”

“அது ஆட்டத்துல கூப்பிடறதுங்க. அந்தப் பலகைக்குப் பேருதான் வீடு.”

தாளாளர் பலகையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு போய் நாற்காலியில் உட்கார்ந்தார். செய்தி மைதானத்தைச் சுற்றிவர ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. அந்த ஒரு நிமிடத்தில் கார்டு தொப்பியை மாட்டிக்கொண்டுவிட்டார்.

“சார், செத்தது யாருன்னு சொல்லுங்க. ஆள் இருந்தா ரன்ன விட்டுக்குடுக்கறோம். ஆள் இல்லேன்னா நீங்க அவுட்டு. பந்து எங்க கையில இருந்துது.”

“கையில இருந்தா ஆச்சா? என்னத் தொட்டீங்களா?”

“துக்க வூட்டுக்காரர எப்பிடி சார் தொடறது?”

“இந்தப் புத்தகத்துல துக்கம்னா ஆட்டம் நிக்கும்னு எங்க போட்டிருக்குது, காட்டுங்க.”

கணக்கு ஆசிரியர் முதல் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டு வந்தார். “மழை இருக்குது. வெளிச்சம் போதாமை இருக்குது. பார்க்க வந்தவங்க உள்ள பூந்துட்டா இன்னா பண்றதுன்னு இருக்குது. துக்கம் இல்லை” என்றார்.

“அந்த ஊர்ல சாவே கெடையாதா சார்?” என்று கேட்டார் கார்டு.

கணக்கு ஆசிரியர் இரண்டாம் முறை பார்ப்பதற்குள் வெளிச்சம் போதாமை வந்துவிட்டது. பக்கத்து வீட்டு அம்மா என்னிடம் ஒரு வார்த்தை பேசாமல் எப்போதோ போய்விட்டிருந்தார். ரன் கணக்கு ஏட்டை முடிக்கும்போது நடுவர் 11–11 என்று எழுதி, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டார். விழுப்புரத்துக்காரர்கள் வண்டியைப் பிடிக்கவேண்டும் என்று கொடிகளைச் சுருட்டிக்கொண்டு கிளம்பினார்கள்.

இரண்டாம் நாள் தந்தையிடமிருந்து தபால் கார்டு வந்தது. மேட்ச்சைப் பற்றி நாலு வரி வேண்டுமாம். யார் ஜெயித்தார்கள் என்பது முதல் வரியில் வரவேண்டுமாம். நான் நடந்தவற்றை வரிசையாக ஒரு பக்கம் எழுதினேன். படித்துப் பார்த்துக் கிழித்துப் போட்டேன். ஊர்களின் பெயரை மட்டும் எழுதி, ‘ஆட்டம் அமைதியாக நடந்தது’ என்று முடித்து அனுப்பினேன். அப்படியே அச்சில் வந்தது. நான் எழுதிய செய்திகளில் ஒரு எழுத்தும் மாறாமல் வந்தது அதுதான்.

என் கணவர் அண்ணனுக்குப் பதில் எழுதினார். பள்ளி மூடியதும் வருவதாகவும், தராசில் தனக்குப் பழக்கமில்லை என்றும் எழுதியிருந்தார். நான் பாத்திரங்களை இரண்டு கோணிகளில் கட்டி வைத்தேன். அவர் மூன்று நாள் விதிப்புத்தகத்தைத் தொடவில்லை. நான்காம் நாள் எடுத்து, துக்கம் பற்றி ஏதாவது இருக்கிறதா என்று மறுபடி தேடினார்.

கமிட்டி கூடிய அன்று என்ன நடந்தது என்பதை ஆசிரியர்கள் சார்பில் அதில் உட்காரும் கணக்கு ஆசிரியர் எங்கள் வீட்டுக்கு வந்து சொன்னார். தாளாளர் இந்த விஷயத்தை எடுத்து, ஜெயிக்கவில்லை, ஆகவே வேறு ஆள், என்று இரண்டே வாக்கியத்தில் முடிக்கப் பார்த்திருக்கிறார். கமிட்டியில் மூத்தவர் ஒரு நெல் வியாபாரி. பெருமுக்கல் பக்கத்தவர். ஆட்டம் நடந்தபோது முக்கால்வாசி நேரம் தூங்கிக்கொண்டிருந்தவர். மௌனத்துக்கு எழுப்பிவிட்டபோதுதான் முழித்திருக்கிறார்.

“ஆட்டத்த வுடுங்க” என்றாராம் அவர். “அவ்ளோ பசங்க. ரெண்டு நிமிஷம். ஒருத்தன் இருமினானா? ஒருத்தன் சிரிச்சானா? கொடியேத்தத்துக்கு நிக்க வச்சா நம்ம பசங்க எப்பிடி நிக்கறான்? ஒருத்தன ஒருத்தன் கிள்ளிக்கினு நிக்கறான். அன்னிக்கு நின்னானுங்களே, அது யாரு பழக்கினது?”

பழக்கியது மாமியார் சாவு என்று யாராலும் சொல்ல முடியவில்லை. மௌனத்தை அறிவித்தவர் தாளாளர். அது வீண் மௌனம் என்று ஒப்புக்கொள்ள அவருக்கும் மனமில்லை. “பயிற்சிதான்” என்று சொல்லிவிட்டாராம்.

ஒரு வாரம் கழித்து உத்தரவு வந்தது. பியூன் கொண்டுவந்தார். என் கணவர் நின்றுகொண்டே படித்தார். ‘மாணவர்களை அசையாமல் நிற்கச் செய்வதில் காட்டிய திறமையை முன்னிட்டு’ அவருடைய பணி நிரந்தரமாக்கப்படுகிறது. இரண்டாம் பத்தியில், பள்ளி வளாகத்தில் உலக்கை போன்ற பொருள்களை வைத்து ஆடும் ஆட்டம் எதுவும் இனி கூடாது. பெற்றுக்கொண்டதற்குக் கீழே கையெழுத்திட்டு அனுப்பவும்.

அவர் முதல் பத்தியை இரண்டாம் முறை படித்தார். காகிதத்தை மடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

“அந்தக் கிரவுண்டுல நிக்காம ஓடிக்கினு இருந்தவன் நான் ஒருத்தன்தான்.”

“பியூன் காத்துக்கினு இருக்காரு. கையெழுத்துப் போடுங்க” என்றேன்.

போட்டார்.